தண்ணி மெஷின்

பின்பக்கத் தகட்டின் கடைசித் திருகாணி கழன்று விழுந்ததும் அந்த வாடை வந்தது. ஊறப்போட்டு மறந்துபோன சாக்கும் அழுகிய வெற்றிலையும் சேர்ந்த வாடை. ஆனந்தமேரி முகத்தைத் திருப்பிக்கொண்டாள். முந்தானையை மூக்கோடு சேர்த்துச் சுற்றிப் பிடரியில் முடிச்சுப் போட்டாள். சனிக்கிழமை, பள்ளிக்கூடம் இல்லை. கூட வேலை பார்க்கிற டீச்சர்மார் எல்லாம் இந்நேரம் எண்ணெய் தேய்த்துக் குளித்துவிட்டுத் தலையை உலர்த்திக்கொண்டிருப்பார்கள். இவள் கொல்லை முற்றத்தில் பலகையைப் போட்டு உட்கார்ந்து, அமெரிக்காவிலிருந்து வந்த இயந்திரத்தின் குடலைக் கழுவப் போகிறாள்.

உள்ளே போன தடவை பார்த்ததைவிட மோசமாக இருந்தது. செம்புக் குழாய்களை ஒட்டி நெருக்கமாக நிற்கும் மெல்லிய தகடுகளுக்கு நடுவே கறுப்புப் பூசணம் பூத்துப் பஞ்சுபோல அடைத்துக் கிடந்தது. விசிறியின் இதழ்களில் பச்சையாக ஒரு மாவு. அடியில் தண்ணீர் விழும் தட்டை இழுத்தபோது அது வரமாட்டேன் என்று அடம்பிடித்தது. வெட்டி இழுத்ததும் வழுவழுவென்று ஒரு படலம் பாலாடையைப் போலச் சுருண்டு அவள் விரல்மேல் ஏறியது. சலவைச் சோடா கரைத்த வெந்நீர், தேங்காய் நார், காடி ஊற்றிய கிண்ணம், பல் தேய்த்துத் தேய்ந்த ஒரு பிரஷ், தகடுகளின் சந்துக்குள் விட ஒரு கோழி இறகு. எல்லாவற்றையும் கையெட்டும் தூரத்தில் வைத்துக்கொண்டாள். இறகை விட்டு இழுத்தால் கறுப்பு மசி வந்தது. கழுவிவிட்டு மறுபடி விட்டாள். மறுபடியும் மசி.

வீட்டுக்குள்ளிருந்து பாஸ்கலின் சிரிப்புச் சத்தம் கேட்டது. அவனுக்கு இன்று ஓய்வு. கொடைக்கானல் பாதையில் பஸ் ஓட்டுகிறவன் அவன். காலையிலேயே அவனுடைய சிநேகிதன் மொக்கைச்சாமி இரண்டு பாட்டிலோடு வந்து உட்கார்ந்திருந்தான். அவன் லாரி டிரைவர். இந்த மெஷினின் தண்ணீருக்காக வந்திருந்தான்.

அந்த மெஷின் வீட்டுக்கு வந்தது அறுபத்திரண்டாம் வருஷத்து ஐப்பசியில். கொடைக்கானலில் ரொம்ப நாள் இருந்த ஒரு வெள்ளைக்காரக் குடும்பம் அமெரிக்காவுக்குத் திரும்பிப் போனது. சாமான்களை எல்லாம் கொடைரோடு ஸ்டேஷனுக்குக் கொண்டுபோய் ஏற்றிவிட்டது பாஸ்கல்தான். போகும்போது அந்த அம்மாள், கப்பலில் ஏற்ற இடமில்லாத ஒன்றை அவனுக்குக் கொடுத்துவிட்டுப் போனாள். காற்றில் இருக்கும் ஈரத்தை இழுத்துத் தண்ணீராக்கித் தட்டில் விடுகிற மெஷின். மலையில் மேகம் வீட்டுக்குள்ளேயே வந்து போகும், துணிமணியும் புத்தகமும் பூத்துப் போகும், அதற்கு வைத்திருந்தார்களாம். பாஸ்கல் அதைப் பஸ்ஸின் மேல் கட்டி, படுதா போட்டு மூடி, கைக்குழந்தையைப் போலக் கொண்டுவந்து இறக்கினான். "இனிமே ஒனக்கு இளைப்பு வராது மேரி" என்றான். தெருவே கூடி நின்று பார்த்தது.

அவளுக்கு இளைப்பு இந்த வீட்டுக்கு வந்த பிறகு வந்ததுதான். கன்னிவாடியில் பிறந்து மலையடிவாரத்துக் காற்றில் வளர்ந்தவள், ஓட்டப் பந்தயத்தில் பரிசு வாங்கினவள். கல்யாணமாகி வந்த முதல் கார்த்திகையிலேயே நெஞ்சுக்குள் யாரோ ஊதல் ஊதுகிற மாதிரி ஒரு சத்தம் வந்தது. சுவர்தான் காரணம் என்பது அவளுக்குத் தெரிய அதிக நாள் ஆகவில்லை. இந்த வீடு ஒரு காலத்தில் தோல் கிட்டங்கி. ஆட்டுத் தோலை உப்புப் போட்டுக் கூரை முட்ட அடுக்கி வைத்திருந்த இடம். உப்பு சுவருக்குள் ஏறி உட்கார்ந்துவிட்டது. வானம் கொஞ்சம் மப்புப் போட்டாலே சுவர் வேர்த்து ஒழுகும். சுண்ணாம்பு அடித்தால் பத்தே நாளில் பொருக்குப் பொருக்காக உதிரும். உதிர்ந்த இடத்தில் பூசணம் படரும். ஆஸ்பத்திரி டாக்டரம்மா நெஞ்சில் குழாயை வைத்துப் பார்த்துவிட்டு, மருந்து அப்புறம், முதலில் வீட்டை மாற்று என்றார்.

வீடு பாஸ்கலின் சித்தப்பா சூசைமுத்துவுடையது. அப்பா இல்லாத பிள்ளையான பாஸ்கலை எடுத்து வளர்த்தவர் அவர். டிரைவர் வேலைக்கு ஆள் பிடித்துச் சொன்னதும் அவர்தான். வாடகை என்ற பேச்சே எடுக்காமல் இந்த வீட்டைக் கொடுத்திருந்தார். "மாத்தலாம்தான். ஆனா அவரு மனசு நோகும் மேரி. கொடுத்த வீட்டக் கொற சொன்ன மாதிரி ஆயிரும்" என்று பாஸ்கல் ஒவ்வொரு தடவையும் சொல்வான். அவளும் வாயை மூடிக்கொள்வாள். அவருக்கு நன்றிக்கடன் பட்டவன் புருஷன். தான் அதற்குக் குறுக்கே நிற்கக் கூடாது என்று நினைத்துக்கொள்வாள். நினைத்துக்கொண்டு, இரண்டு தலையணையை முதுகுக்குக் கொடுத்து உட்கார்ந்தபடியே விடிய விடியத் தூங்குவாள்.

மெஷின் வந்த முதல் வாரம் மட்டும் சொர்க்கமாக இருந்தது. அமெரிக்கா மெஷினுக்கு நம் ஊர் கரண்ட் ஆகாது என்று, ரேடியோ ரிப்பேர் கடை முகமது பாரூக் ஒரு டிரான்ஸ்பார்மர் பெட்டி செய்து மாட்டிக் கொடுத்தார். படுக்கிற அறைக் கதவைச் சாத்திவிட்டு மெஷினைப் போட்டால் வண்டு ரீங்காரம்போல ஒரு சத்தம். கொஞ்ச நேரத்தில் தட்டில் சொட்டுச் சொட்டாக விழ ஆரம்பிக்கும். காலையில் தட்டு நிறைந்திருக்கும். அந்த வாரம் அவள் மல்லாந்து படுத்துத் தூங்கினாள். பள்ளிக்கூடத்தில் பாட்டுச் சொல்லிக் கொடுத்தாள். பாஸ்கலுக்கு ஆட்டுக்கறி எடுத்துக் குழம்பு வைத்தாள். அவன் சாப்பிடுவதைப் பார்க்கையில், இவ்வளவு அக்கறை உள்ளவனைப் போய்க் குறை நினைத்தோமே என்று கண் கலங்கியது.

அடுத்த மாதமே மெஷினில் வாடை அடிக்க ஆரம்பித்தது. பாரூக்கைக் கூப்பிட்டுவிட்டாள். அவர் தகட்டைக் கழற்றிக் காட்டினார். "டீச்சரம்மா, மெஷின்ல கோளாறு ஒண்ணுமில்ல. உள்ள எப்பவும் ஈரம்ல. செவுத்துல பூக்குற பூசணம் இதுலயும் வந்து பூக்குது. அப்பப்போ கழட்டிக் கழுவணும். கழுவாம ஓட்டுனா விசிறி அதத்தான் ஊதும்" என்றார். கழற்றவும் பூட்டவும் சொல்லிக் கொடுத்துவிட்டுப் போனார். அன்றிலிருந்து இந்த வேலை. கழுவுகிற நாளெல்லாம் அந்தத் தூள் நெஞ்சுக்குள் போய் அன்று சாயங்காலமே இளைப்பு வரும். கழுவாமல் விட்டாலோ தினமும் வரும். பாஸ்கல் ஒரு நாள்கூடத் திருகாணியைத் தொட்டதில்லை. "நீதான் பதனமாக் கழுவுவ. நான் கைய வச்சா எதையாச்சும் ஒடச்சிருவேன்" என்று சிரித்தபடியே நழுவிவிடுவான். வண்டி என்ஜினை ராவோடு ராவாக இறக்கி ஏற்றுகிற கை அது.

இதற்கு நடுவில்தான் பேட்டரிக் கதை வந்தது. மெஷினில் விழுகிற தண்ணீரில் உப்பு இல்லை, பேட்டரிக்கு ஊற்றலாம் என்று பாரூக் ஒரு பேச்சுக்குச் சொன்னதைப் பாஸ்கல் பிடித்துக்கொண்டான். வெள்ளைத் துணியில் வடிகட்டித் தன் பஸ்ஸுக்கு ஊற்றினான். சிநேகிதர்களுக்குக் கொடுத்தான். பஸ் ஸ்டாண்டில் இவன் வீட்டுக்குத் 'தண்ணி மெஷின் வீடு' என்றே பேர் விழுந்தது. டிரைவர்கள் பாட்டிலோடு வந்து காப்பி குடித்துவிட்டுப் போனார்கள். வருகிறவர்களிடமெல்லாம் பாஸ்கல் தட்டை இழுத்துக் காட்டுவான். "ஒரே நாள்ல இம்புட்டு!" என்பான். அந்தத் தண்ணீர் அம்புட்டும் தன் நெஞ்சுக்குள் போயிருக்க வேண்டியது என்று அவளுக்குத் தோன்றும். எதைக் கண்டு பயப்பட வேண்டுமோ அதைக் காட்டிப் பெருமைப்படுகிறானே என்று ஆத்திரம் வரும். காப்பி டம்ளர்களைப் பொறுக்கிக்கொண்டு அடுப்படிக்குப் போய்விடுவாள்.

"மதினி, தண்ணி எடுத்துக்கிறவா?" மொக்கைச்சாமி கொல்லை வாசலில் நின்று கேட்டான்.

"இன்னைக்குத் தண்ணி இல்லப்பா. பாரு, எல்லாம் சளி மாதிரி கெடக்கு."

அவன் எட்டிப் பார்த்தான். முகத்தைச் சுளித்தான். "இதையா இத்தன நாளா பேட்டரியில ஊத்துனோம்?" என்று வெறும் பாட்டில்களோடு திரும்பிப் போனான். பாஸ்கல் வாசல்வரை அவனோடு போய், வடிகட்டித்தான் கொடுத்தேன் என்று சமாதானம் சொல்வது கேட்டது. ஆனந்தமேரி இறகைக் கழுவினாள். கை விரல் நுனிகள் சோடாவில் வெளுத்துச் சுருங்கியிருந்தன. நெஞ்சுக்குள் மெல்ல அந்த ஊதல் எழும்பிவிட்டது.

அந்த நேரம் பார்த்துத்தான் சூசைமுத்து வந்தார். ஞாயிற்றுக்கிழமை பூசைக்கு மட்டும் உடுத்தும் வெள்ளை வேட்டியை இன்றே உடுத்தியிருந்தார். நிலக்கோட்டையில் ஒரு கல்யாணத்துக்குப் போய்விட்டு வழியில் இறங்கியிருந்தார். கையில் ஒரு பந்து மல்லிகை இருந்தது. "மேரிக்குன்னு வாங்கியாந்தேன்" என்று பாஸ்கலிடம் கொடுத்துவிட்டுக் கொல்லைப்பக்கம் வந்தார்.

"என்னம்மா இது, அடுப்புக்குள்ள விழுந்து எந்திரிச்ச மாதிரி இருக்க?"

அவள் எழுந்து முந்தானை முடிச்சை அவிழ்த்தாள். பேச வாயெடுத்தால் இருமல் வந்தது. அது நிற்பதாக இல்லை. குனிந்து சுவரைப் பிடித்தாள். கையில் ஈரம் ஒட்டியது. அந்தச் சொதசொதப்பு உள்ளங்கையில் பட்ட மாத்திரத்தில், இத்தனை வருஷம் கட்டி வைத்திருந்தது எல்லாம் அவிழ்ந்துவிட்டது.

"மாமா, ஒங்ககிட்ட ஒண்ணு சொல்லணும். நீங்க தப்பா எடுத்துக்கக் கூடாது. இந்த வீட்டுச் செவுரு பூராம் உப்பு. எந்த மெஷினக் கொண்டாந்து வச்சாலும் இது தண்ணி விட்டுக்கிட்டேதான் இருக்கும். டாக்டரம்மா வீட்ட மாத்தச் சொல்லி ரொம்ப நாளாச்சு. ஒங்க மனசு நோகுமேன்னுதான் நாங்க வாயத் தொறக்கல."

"மேரி, சும்மா இரு" என்றான் பாஸ்கல். அவள் அவன் பக்கம் திரும்பவில்லை.

சூசைமுத்து அவளையே பார்த்துக்கொண்டு நின்றார். அவருக்கு ஏதோ புரியவில்லை என்பது முகத்தில் தெரிந்தது. "எம் மனசா? எம் மனசு எதுக்கும்மா நோகப் போகுது? தோலு கெடந்த எடம், மனுசன் குடியிருக்க ஆகாதுன்னு நாந்தானே மொதல்ல சொன்னேன். நம்ம வீட்டு மாடி சும்மா கெடக்குது, வந்து இருங்கன்னு போன தவக் காலத்துலயே சொல்லிட்டேனே. நீதான் பள்ளிக்கூடம் பக்கத்துல இருக்குன்னு இந்த வீட்ட விட்டு வரமாட்டேங்கிறியாமே?"

"நானா?"

"ஏலே பாஸ்கல், நீதானலே சொன்ன?"

பாஸ்கல் மல்லிகைப் பந்தை ஒரு கையிலிருந்து இன்னொரு கைக்கு மாற்றினான். கிணற்றடியில் ஒரு காக்கை வந்து உட்கார்ந்து, கழுவி வைத்திருந்த தட்டைக் கொத்திப் பார்த்துவிட்டுப் பறந்தது. சூசைமுத்து இருவரையும் மாறி மாறிப் பார்த்தார். புருஷன் பெண்டாட்டிக்கு நடுவில் கால் வைத்துவிட்டோம் என்று அவருக்கு உறைத்திருக்க வேண்டும். "சரி, பேசிக்கிருங்க. சித்தி தேடும், நான் வாரேன்" என்று தோள்துண்டை உதறிப் போட்டுக்கொண்டு போய்விட்டார். காப்பிகூடக் குடிக்கவில்லை.

ஆனந்தமேரிக்கு உடனே கோபம் வரவில்லை. முதலில் வந்தது ஒரு மாதிரியான கூச்சம். தன் பேரைச் சொல்லி ஒரு பேச்சு அந்த வீட்டில் இத்தனை நாள் நடமாடியிருக்கிறது. அந்த வீட்டுப் பெண்கள் கோயிலில் பார்க்கும்போது 'பிடிவாதக்காரி' என்று நினைத்திருப்பார்கள். அவளோ, அவர் மனம் கோணாதிருக்க மூச்சை அடக்கிக்கொண்டிருந்திருக்கிறாள். கோபம் அதற்குப் பிறகுதான் வந்தது. மூச்சு இல்லாததால் அதைச் சத்தமாகக் காட்டவும் முடியவில்லை.

"எதுக்கு இப்படிப் பண்ணுனீங்க?"

அவன் வாசற்படியில் உட்கார்ந்தான். தரையைப் பார்த்துக்கொண்டே சொன்னான். "அந்த மாடிக்கு ஏறுற படிக்குக் கீழ ஒரு சந்து உண்டு. கல்யாணம் ஆகுற வரைக்கும் நான் அதுலதான் படுத்துக் கெடந்தேன். சித்தி சோறு போடாம இருந்ததில்ல. எல்லாரும் தின்னு முடிச்சு எந்திரிச்ச பெறகு போடும். கொழம்பு இருக்கும், வெஞ்சனம் இருக்காது. சித்தப்பாவுக்கு அது தெரியாது. இன்னைக்கு வரைக்கும் தெரியாது. அந்தப் படியில ஏறி எறங்கி இனிமே என்னால குடும்பம் நடத்த முடியாது மேரி."

அவளுக்கு அது புதிது. ஐந்தாறு வருஷம் கூட வாழ்ந்தவளுக்கு இதை அவன் சொன்னதில்லை. அந்தச் சந்தில் முழங்காலைக் கட்டிக்கொண்டு படுத்திருக்கும் பையனை நினைத்ததும் மனம் ஒரு கணம் இளகியது. இளகுவதை அவளே விரும்பவில்லை.

"அந்த மாடி வேணாம்னா வேற வீடு பாக்கறதுக்கென்ன? இந்த ஊருல வீடா இல்ல?"

"வேற வீட்டுக்குப் போனா, எம் மாடி கெடக்க அங்க எதுக்குப் போறேன்னு சித்தப்பா கேப்பாருல்ல. அதுக்கு நான் என்னன்னு சொல்றது?"

"அதுக்குப் பதில் சொல்ல முடியாமத்தான் என்னைய இங்க வச்சிருந்தீங்களா?" மூச்சு இழுத்தது. நிறுத்தி, வாங்கி, மறுபடி பேசினாள். "எங்கிட்டச் சொல்லிருந்தா நான் சொல்லிருப்பேன்ல, எனக்கு மாமியா வீட்டோட இருக்கப் பிடிக்கலன்னு. கெட்ட பேரு எனக்குத்தான் வரப்போகுதுன்னா, அதுல எனக்கு மூச்சாச்சும் மிஞ்சிருக்கும்ல?"

அவன் நிமிர்ந்து அவளைப் பார்த்தான். "மெஷினக் கொண்டாந்தேன்ல" என்றான். சொன்ன பிறகு அவனுக்கே அது எப்படிக் கேட்டது என்று தெரிந்திருக்கும்.

அவள் கையிலிருந்த பிரஷை அவன் காலடியில் வைத்தாள். எறியவில்லை, வைத்தாள். "மிச்சத்த நீங்க கழுவுங்க" என்று சொல்லிவிட்டு உள்ளே போய், தலையணைகளை அடுக்கிச் சாய்ந்து உட்கார்ந்தாள். அறையின் ஜன்னல் வழியே கொல்லை தெரிந்தது. அவன் சட்டையைக் கழற்றிக் கொடியில் போட்டுவிட்டுப் பலகையில் உட்கார்ந்தான். மெஷினுக்குள் முகத்தை விட்டான். விட்ட வேகத்தில் வெளியே எடுத்து, எட்டத் திரும்பித் துப்பினான். துண்டால் மூக்கைக் கட்டிக்கொண்டு மறுபடி குனிந்தான். கோழி இறகைப் பிடிக்க அவனுக்குத் தெரியவில்லை. நாலாவது இழுப்பில் அது முறிந்தது. விரலையே சந்துக்குள் விட்டான். தகடு கிழித்தது. விரலை வாயில் வைக்கப் போய், அதில் அப்பியிருந்த கறுப்பைப் பார்த்துவிட்டு நிறுத்தினான். இருமினான். பிறகும் விடாமல் தேய்த்தான். வெயில் சுவரேறிப் போகும்வரை தேய்த்துக்கொண்டே இருந்தான். வேறொரு நாளாக இருந்தால் அவள் இறங்கிப் போய், நகருங்க, நான் பாத்துக்கிறேன் என்று சொல்லியிருப்பாள். சொல்லக் கூடாது என்று பல்லைக் கடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள்.

விளக்கு வைக்கும் நேரத்துக்கு மெஷினைப் பூட்டித் தூக்கிவந்து பழைய இடத்தில் வைத்தான். சுவிட்சைப் போட்டான். ரீங்காரம் எழுந்தது. நன்றாகக் கழுவியிருந்தான், வாடை இல்லை.

"அணைங்க" என்றாள் ஆனந்தமேரி.

"மேரி, வாடை இல்லம்மா. மோந்து பாரு."

"அணைங்க. அது ஓடுனா நாம இங்கயே இருந்துருவோம்."

அவன் அணைத்தான்.

மறுநாள் முதல் பூசை முடிந்து வெளியே வந்தவள் வீட்டுப் பக்கம் திரும்பவில்லை. கூட வேலை பார்க்கும் செபஸ்தியம்மாள் டீச்சர், மேட்டுப்பட்டிப் பக்கம் தோட்டங்களை ஒட்டி ஓர் ஓட்டு வீடு காலியாக இருப்பதாகப் போன மாதமே சொல்லியிருந்தாள். பள்ளிக்கூடத்துக்கு நெடுந்தூரம் நடக்க வேண்டும் என்று அப்போது அதைக் காதில் போட்டுக்கொள்ளவில்லை. இன்று நடந்தாள். இளைப்பு இருந்ததால் நின்று நின்றுதான் போக முடிந்தது. ஒரு புளிய மரத்தடியில் நின்றபோது திரும்பிப் பார்த்தாள். ஒரு கூப்பிடு தூரத்தில் பாஸ்கல் சைக்கிளைத் தள்ளிக்கொண்டு வந்தான். ஏறி மிதித்தால் ஒரு நிமிஷத்தில் வந்து சேர்ந்துவிடலாம். அவள் நின்றதும் அவனும் நின்றான். அவள் நடந்ததும் நடந்தான்.

வீடு திறந்தே கிடந்தது. யாரோ ஆடு கட்டியிருக்கிறார்கள், தரையெல்லாம் புழுக்கை. ஓட்டில் இரண்டு இடத்தில் வானம் தெரிந்தது. சமையல்கட்டு என்று சொல்ல ஒரு மூலைதான் இருந்தது. மழைக்கு ஒழுகும், ஓடு மாற்ற வேண்டும், தண்ணீருக்குத் தோட்டத்துக் கிணற்றுக்குத்தான் போக வேண்டும். ஒவ்வொன்றாக மனதுக்குள் குறித்துக்கொண்டே வந்தாள். மேற்குப் பக்கத்து ஜன்னலின் கொக்கி துருவேறி இறுகியிருந்தது. ஒரு கல்லை எடுத்துத் தட்டினாள். கதவு முனகிக்கொண்டு திறந்தது. கத்தரிச் செடிகளைத் தாண்டி வந்த காற்று, ஆட்டுப் புழுக்கையின் தூசியைக் கிளப்பி அவள் சேலையில் அடித்தது. தும்மல் வந்தது. அவள் இன்னும் கொஞ்சம் முன்னால் நகர்ந்து நின்றாள்.

கீழே தோட்டத்துக் கிணற்றடியில் பாஸ்கல் சைக்கிளைச் சாய்த்துவிட்டு நின்றிருந்தான். உள்ளே வரவில்லை. வாளியை விட்டுத் தண்ணீர் இறைத்தான். குனிந்து ஒரு பிடி மணலை எடுத்துக்கொண்டு, நகக்கண்களில் ஏறியிருந்த கறுப்பை ஒவ்வொரு விரலாகத் தேய்த்தான். தண்ணீரில் அலம்பி, கையை வெயிலில் நீட்டிப் பார்த்தான். போகவில்லை. இன்னொரு வாளி இறைத்தான்.